பொன்னாடையும் மீன் கத்தியும்

ஒஸ்லோவில் மேடைக்குப் பின்னால் வேலை செய்ய நம் பிள்ளைகள் சிலர் வரத் தொடங்கியிருக்கிறார்கள். ஒருத்தி ஒளியமைப்பில் இருக்கிறாள், ஒருவன் ஒலியில். சென்னையிலிருந்து வந்த ஒருவர் உடைகளைப் பார்த்துக்கொள்கிறார். நான் மேடை மேலாளர் வேலையை விட்டுக் கற்பிக்கப் போகிறேன் என்று தெரிந்ததும், "அக்கா, போறதுக்கு முதல் ஏதாவது எழுதித் தாங்கோ" என்று கேட்டார்கள். ஓய்வுபெற்றவர்கள் செய்கிற வேலையை இந்த வயதில் செய்யக் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் ஒரு ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி எழுதாமல் அந்த நாற்காலியை விட்டுப் போக எனக்கு மனமில்லை.

முதலில் நான் யாரென்று சொல்லிவிடுகிறேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள் நான். அப்பாவின் படிப்பு இலங்கைப் போரின் இடம்பெயர்வோடு பாதியில் நின்றுபோனது. இருபது வயதில் நோர்வேயின் வடகோடியில் இருக்கிற பாட்ஸ்பியோர்ட்டுக்கு வந்து, மீன் தொழிற்சாலையில் வருடக்கணக்காக மீனின் சதையை முள்ளிலிருந்து பிரித்தெடுத்தவர். நான் பிறந்த பிறகுதான் ஒஸ்லோவுக்கு, ட்வெய்ட்டாவில் ஒரு அடுக்குமாடி வீட்டுக்கு வந்தோம். நான் நாடகக் கல்லூரிக்குப் போகிறேன் என்றபோது உறவினர்கள் சிரித்தார்கள். அப்பா சிரிக்கவில்லை. "பிள்ளை படிக்கிற படிப்பெல்லாம் படிப்புத்தான்" என்றார். அந்தச் சொல்லை வைத்துக்கொண்டுதான் நான் இவ்வளவு தூரம் வந்தேன், அதில் எனக்குப் பெருமை உண்டு.

மேடை மேலாளர் என்பவர் நடிப்பதும் இல்லை, இயக்குவதும் இல்லை. மேடையின் பக்கவாட்டில், திரைக்குப் பின்னால், ஒரு சிறிய மேசையில் உட்கார்ந்து காதுக் கருவி வழியாக எல்லாருக்கும் நேரம் சொல்பவர். நாடகம் தொடங்கிய பிறகு அதை நிறுத்துவதா, தொடர்வதா என்பது அவருடைய முடிவு. இயக்குநர்கூடப் பார்வையாளர்களோடு உட்கார்ந்து பார்க்கத்தான் முடியும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை போட்ட நாடகம் ஒரு தமிழ்த் தகப்பனைப் பற்றியது. பாட்ஸ்பியோர்ட்டில் மீன் வெட்டியவர், மகளோடு கோபித்துக்கொண்டு அவளை வீட்டைவிட்டு அனுப்புகிறார். நாடகம் நோர்வேஜிய மொழியில், இடையிடையே தமிழ்ச் சொற்கள். தகப்பனாக நடித்தவர் ஓர் அல்ஜீரியர்.

உங்கள் முகம் போகிற போக்கு எனக்குத் தெரிகிறது. எனக்கும் அப்படித்தான் போனது. இந்த நாட்டில் ஒரு தமிழரும் கிடைக்கவில்லையா என்று இயக்குநரிடம் நேராகவே கேட்டேன். எழுபது வயதை நெருங்கிய, முழு நாடகத்தையும் தாங்கக்கூடிய தமிழ் நடிகர் ஒருவரின் பெயரைச் சொல் என்றார். என்னால் சொல்ல முடியவில்லை.

அந்த அல்ஜீரிய நடிகர் தன் பெயரை எழுத வேண்டாம் என்று கேட்டிருக்கிறார். நாங்கள் எல்லாரும் அவரை உஸ்தாத், அதாவது ஆசான், என்றுதான் கூப்பிட்டோம். அல்ஜீரியாவின் ஒரு துறைமுக ஊரில், மூட்டை தூக்கும் தொழிலாளியின் மகனாகப் பிறந்தவர். பள்ளிக்கூட விடுமுறையில் நகரசபை நாடக அரங்கில் நாற்காலி துடைக்கப் போய், ஒரு நாள் கூட்டக் காட்சியில் நிற்க ஆள் குறைந்ததால் மேடையில் ஏறியிருக்கிறார். பிறகு இறங்கவே இல்லை. முப்பது வயதுக்குள் நாடகம், சினிமா, தொலைக்காட்சி மூன்றிலும் அவரைத் தெரியாத வீடு அங்கே இல்லையாம். தொலைக்காட்சியில் அவர் நடித்த கஞ்சப் பலசரக்குக் கடைக்காரரின் பேச்சைச் சிறுவர்கள் தெருவில் சொல்லிக் காட்டுவார்களாம். அதற்குப் பிறகு திடீரென்று நாட்டைவிட்டு வந்துவிட்டார். ஏன் என்று யார் கேட்டாலும், "காலநிலை பிடிக்கவில்லை" என்பார். வெயிலை விட்டு ஒஸ்லோவுக்கு வந்தவர் இதைச் சொன்னால் எல்லாரும் சிரித்துவிட்டு விட்டுவிடுவார்கள். அதற்காகத்தான் அப்படிச் சொன்னார் என்பது எனக்குப் பிறகுதான் விளங்கியது.

இங்கே வந்து பல வருடங்கள் சமையலறைகளில் வேலை. பிறகு சின்னச் சின்ன வேடங்கள். ஒருமுறை ஒத்திகை இடைவேளையில் தன் நோர்வே வாழ்க்கையை எங்களுக்குச் சொன்னார்.

"பாகிஸ்தான் டாக்ஸிக்காரன். குர்து பேக்கரிக்காரன். ஈராக் மொழிபெயர்ப்பாளன், இரண்டு தடவை. ஒரு துருக்கிப் பிணம். இப்போது தமிழன். அல்ஜீரியனாக மட்டும் இன்னும் யாரும் கூப்பிடவில்லை. அதற்கு நான் பொருத்தமில்லையாம்."

எல்லாரும் சிரித்தோம். அவருக்குத் தமிழ்ச் சொற்களைச் சொல்லிக் கொடுத்தவள் நான். 'ஆமாம்' என்பதற்கு நாங்கள் சொல்லும் 'ஓம்' என்பதை மட்டும் ஒரு வாரம் பழகினார். கோபமான ஓம், களைத்த ஓம், கேட்காமலே சொல்கிற ஓம் என்று தனித்தனியாகச் சொல்லிப் பார்ப்பார். என்னைப் 'பின்தி' என்பார். அரபு மொழியில் அது மகளே என்பதாம்.

நாடகம் நகரத்தில் ஓடி முடிந்ததும் சுற்றுப்பயணம் தொடங்கியது. ஒரு ஞாயிறு மாலை ஒஸ்லோவின் ஓரத்தில், ஹவுகெட்டோவுக்குப் பக்கத்தில் ஒரு சமூக மண்டபத்தில் போட்டோம். அன்றைக்கு வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் தமிழர்கள். குழந்தைகள் ஓடித் திரிந்தார்கள், பின்வரிசையில் யாரோ பிளாஸ்கைத் திறந்து தேத்தண்ணீர் ஊற்றினார்கள். அப்பா வேட்டி சால்வையோடு முன்வரிசையில். நான் வேலை செய்யும் நாடகத்தை அவர் பார்க்க வருவது அதுதான் முதல் தடவை. தொடங்குவதற்கு முன் மேடைக்குப் பின்னால் வந்து என்னைப் பிடித்துக்கொண்டார்.

"பிள்ளை, அந்த ஐயாவுக்கு ஒரு பொன்னாடை போடவேணும். தமிழ்ச் சங்கத்திலை கதைச்சிட்டம். நான்தான் போடுறது."

"அப்பா, இஞ்சை அப்பிடி மேடையிலை ஏறுறேல்லை. முடிஞ்ச பிறகு வாங்கோ, நான் கூட்டிக்கொண்டு போறன்."

"ஓமோம், முடிஞ்ச பிறகுதான். இடையிலை ஏறுறதுக்கு எனக்கென்ன விசரே?"

நகரத்து அரங்கில் பார்வையாளர் மேடைக்கு ஏற வழியே கிடையாது. இந்த மண்டபத்தில் மேடைக்கு முன்னால் அகலமான மரப்படிகள் இருந்தன. பரிசளிப்பு விழாக்களுக்காகக் கட்டியவை, கழற்ற முடியாது என்றார்கள்.

நாடகத்தின் கடைசிக்குச் சற்று முன் ஒரு காட்சி உண்டு. மகள் பெட்டியோடு போய்விடுகிறாள். தகப்பன் பார்வையாளருக்கு முதுகைக் காட்டியபடி மேடையின் முன்விளிம்பில் மேசையில் உட்கார்ந்திருக்கிறார். மேசையில் ஒரு மீன், ஒரு மீன் கத்தி. விளக்கு மெல்ல மெல்ல மங்கி, அவருடைய தோள் மட்டும் தெரிகிற அளவுக்கு வரும். நீண்ட மௌனம். பிறகு மகள் திரும்பி வருவாள், அவர் திரும்பிப் பார்க்காமலே "சாப்பிட்டியே?" என்று தமிழில் கேட்பார். அதுதான் முடிவு.

நகரத்துப் பார்வையாளர் அந்த மௌனத்தில் மூச்சுகூட விடமாட்டார்கள். நம்முடைய ஆட்கள் விளக்கு மங்கியதும் நாடகம் முடிந்தது என்று நினைத்துக் கைதட்டினார்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. கைதட்டு அடங்கட்டும், பிறகு மகளை அனுப்புவோம் என்று காத்திருந்தேன். அப்போது என் மேசையில் மேடையைக் காட்டும் சின்னத் திரையில் படிகளில் ஓர் உருவம் ஏறுவது தெரிந்தது.

இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, கைகளின் மேல் மடித்த துணி. துணிக்குக் கீழே கைகள் தெரியவில்லை. மங்கிய வெளிச்சத்தில், மெதுவாக, மரியாதையாக, முதுகைக் காட்டி உட்கார்ந்திருக்கிற ஒருவரை நோக்கி அது நடந்தது. வேட்டியைக் கண்டதும் அப்பா என்று தெரிந்தது. பக்கத்தில் இருந்த அவருடைய கூட்டாளிதான், "முடிஞ்சுது போலை கிடக்கு, ஏறும்" என்று தள்ளிவிட்டாராம்.

காதுக் கருவியில் ஒளிக்காரன் கேட்டான். "யாரோ மேடையில் ஏறுகிறார். முழுக்க இருட்டாக்கவா?"

எங்கள் தொழிலில் மேடையில் ஏதாவது பிழையானால் முதலில் வருகிற எண்ணம் அதுதான். இருட்டாக்கு, மறை, சரிசெய், மறுபடி தொடங்கு. பார்வையாளர் கவனிப்பதற்குள் அப்பாவைக் கையைப் பிடித்து இறக்கிவிடலாம். வெட்கக்கேடும் இருக்காது. ஒரு மகளாக அந்த நொடியில் நான் விரும்பியதும் அந்த இருட்டைத்தான்.

ஆனால் திரையில் உஸ்தாத்தின் தோளைக் கண்டேன். படியில் காலடிச் சத்தம் கேட்டதும் அந்தத் தோள் ஒரு விதமாக ஏறி நின்றது. நூறு தடவை பார்த்த காட்சியில் அந்த அசைவு கிடையாது. என்ன நடக்கிறது என்று எனக்கு விளங்கவில்லை. விளங்கவில்லை என்பது மட்டும்தான் விளங்கியது.

"இல்லை," என்றேன். "எல்லா விளக்கும். மண்டபத்தையும் சேர்த்து. இப்போதே."

வெளிச்சம் வந்தபோது உஸ்தாத் எழுந்து திரும்பியிருந்தார். கையில் மீன் கத்தி. நாடகத்துக்காக முனை மழுக்கியதுதான், ஆனால் இரும்பு. கை தோளுக்கு மேலே உயர்ந்திருந்தது. அவருக்கு முன்னால், ஒரு கை நீளத்தில், பொன்னாடையை ஏந்திச் சிரித்துக்கொண்டு அப்பா.

அவர் அப்பாவின் முகத்தைப் பார்த்தார். கத்தி கீழே விழுந்தது. ஆனால் மற்றக் கை நிற்கவில்லை. அது அப்பாவின் நெஞ்சில் பட்டுத் தள்ளியது. அப்பா பின்பக்கமாகப் படிகளில் விழுந்தார்.

அதற்குப் பிறகு கேட்ட சத்தங்களை நான் வரிசையாகச் சொல்ல முடியாது. "ஐயாவைத் தள்ளிப்போட்டான்" என்று யாரோ கத்தினார்கள். "கத்தி எடுத்தவன், நான் கண்டனான்" என்று இன்னொருவர். "விடாதேங்கோ அவனை" என்று இளைஞர்கள் முன்னால் வந்தார்கள். நான் திரையை இறக்கச் சொல்லிவிட்டு வெளியே ஓடினேன். அப்பா கீழே உட்கார்ந்து மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தார். முகம் சாம்பலாகியிருந்தது. அந்த நிலையிலும் மற்றக் கையை உயர்த்தி இளைஞர்களைத் தடுத்தார்.

"ஒருத்தரும் மேலை ஏறாதேங்கோ. ஏறினதாலை வந்த வினையைப் பாக்கிறியள்தானே."

திரைக்குப் பின்னால் உஸ்தாத் மேசைக்குக் கீழே, முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஒரு தேசமே பார்த்துச் சிரித்த மனிதர். மகளாக நடித்த பெண் அவரோடு பேச முயன்றுகொண்டிருந்தாள். அவர் அரபு மொழியில் ஏதோ ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொன்னார். எனக்கு அது விளங்கவில்லை. என் தகப்பனைத் தள்ளியவர் மேல் எனக்கு வரவேண்டிய கோபம் வரவில்லை.

அவசர சிகிச்சை நிலையத்தில் எங்கள் முறைக்காகக் காத்திருந்தபோது உஸ்தாத் வந்தார். நாடக உடையைக்கூட மாற்றவில்லை. ரப்பர் ஏப்ரன், முழங்கால்வரை பூட்ஸ், ஏப்ரனில் பூசிய மீன் இரத்தச் சாயம். காத்திருந்தவர்கள் விலகி உட்கார்ந்தார்கள். அப்பாதான் முதலில் வாய் திறந்தார். அவருடைய நோர்வேஜிய மொழி பாட்ஸ்பியோர்ட் தொழிற்சாலையில் கற்றது, நோர்வேயின் வடபகுதி ராகம் அப்படியே இருக்கும்.

"இந்தக் கோலத்திலை வந்திருக்கிறியள். டொக்டர் உங்களைத்தான் முதல் கூப்பிடப்போறார். இருங்கோ."

உஸ்தாத் இருக்கவில்லை. அப்பாவின் முன்னால் நின்றுகொண்டே சொன்னார். அவருடைய ஊரில், ஒரு நாடகம் முடிந்து வணங்கிக்கொண்டிருந்தபோது ஓர் இளைஞன் பூங்கொத்தோடு மேடையில் ஏற வந்தானாம். அந்த நாட்களில் தீவிரவாதிகளிடமிருந்து நடிகர்களுக்குக் கொலை மிரட்டல்கள் வந்துகொண்டிருந்தன. காவலாளி அவனைத் தடுத்தான். "விடு, பூ கொண்டுவருகிறான்" என்று சொன்னவர் உஸ்தாத். பூக்களுக்குக் கீழே கத்தி இருந்தது. அது பாய்ந்தது பக்கத்தில் நின்ற நண்பர்மேல். எல்லா நாடகங்களிலும் அவருக்குத் தம்பியாக நடித்தவர், அந்த மேடையிலேயே இறந்துபோனார்.

"இன்றைக்கும் துணிக்குக் கீழே கைகள் தெரியவில்லை" என்றார். "மேசைக்குக் கீழே நான் சொல்லிக்கொண்டிருந்தது அதுதான். விடு, பூ கொண்டுவருகிறான்."

இத்தனை மாதம் தினமும் பக்கத்தில் இருந்திருக்கிறேன். காலநிலை பிடிக்கவில்லை என்று சொன்னபோதெல்லாம் சிரித்திருக்கிறேன்.

"ஏன் உஸ்தாத் ஒருவருக்கும் சொல்லவில்லை?" என்று கேட்டேன்.

"சொன்னால் அதற்குப் பிறகு யாராவது என் நடிப்பைப் பார்ப்பார்களா, பின்தி? அந்தக் கத்தியைத்தான் பார்ப்பார்கள். ஒவ்வொரு பேட்டியிலும் அதைத்தான் கேட்பார்கள். நான் நடிகனாகத்தான் இங்கே வந்தேன்."

அப்பா மற்றக் கையால் பக்கத்து நாற்காலியைக் காட்டினார். பிறகு, "அவரின்ரை பேர் என்ன? உங்கடை கூட்டாளி" என்று கேட்டார்.

உஸ்தாத் திடுக்கிட்டுப் பார்த்தார். பிறகு ஒரு பெயரைச் சொன்னார். சொன்ன பிறகுதான் அப்பாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். என்னிடம், "விளக்கை யார் போட்டது?" என்றார். நான்தான் என்றேன். "இருட்டாக்கியிருந்தால் நான் முகத்தைப் பார்த்திருக்கமாட்டேன்" என்றார். அவ்வளவுதான் சொன்னார். நான் எழுந்து வெளியே போய்ச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

பிள்ளைகளே, நான் புத்திசாலி என்று காட்ட இதை எழுதவில்லை. அன்றைக்கு எனக்கு ஒன்றும் தெரியாது. மேடையில் என்ன நடக்கிறது என்று தெரியாவிட்டால் மறைக்காதீர்கள், வெளிச்சம் போடுங்கள். வெட்கப்படுவதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

மறுநாள் தயாரிப்பாளர் என்னைக் கூப்பிட்டார். அப்பா முறைப்பாடு செய்யப்போவதில்லை என்று சொல்லியிருந்தார். சங்கத்தில் அதற்காக அவரோடு இரண்டு பேர் கதைப்பதை நிறுத்திவிட்டார்கள். உஸ்தாத்தோ நடிப்பை விடுவதாகச் சொல்லிவிட்டார். மேடையில் ஒரு மனிதன்மேல் கத்தி தூக்கியவன் மேடையில் நிற்கக்கூடாது என்பது அவர் கட்சி. தயாரிப்பாளர் என்னிடம் ஒன்றைத்தான் கேட்டார். "அவரோடு மேடையில் நிற்பவர்களுக்குப் பாதுகாப்பு உண்டா, இல்லையா? நீ சொல்வதை வைத்து முடிவெடுக்கிறேன்."

உண்டு என்று சொல்லத்தான் ஆசை. ஆனால் தினமும் அவருக்குப் பக்கத்தில் நிற்கப்போவது நான் இல்லை, மகளாக நடிக்கும் அந்தப் பெண். தெரியாது என்றேன். தெரிந்துகொள்ள ஒரு நாள் கேட்டேன்.

வழியைச் சொன்னது அப்பா. வீட்டில், கட்டுப் போட்ட கையை மேசையில் வைத்தபடி சொன்னார். "என்னைத் திரும்ப ஏறவிடு பிள்ளை. எல்லா லைட்டையும் போட்டுவிடு. கத்தியை எடுத்துவிடு. இந்தமுறை கேட்டுப்போட்டு ஏறுறன்."

எனக்கு வந்தது அதிர்ச்சிதான். ஒருமுறை விழுந்த மனிதர். வேண்டாம் என்று சொன்னேன். "நீ மகளாச் சொல்லுறியோ, மேலாளராச் சொல்லுறியோ?" என்றார்.

உஸ்தாத்திடம் கேட்டேன். நீண்ட நேரம் யோசித்துவிட்டு வருவதாகச் சொன்னார். அதே மண்டபம், பகல் வேளை, ஒன்று மிச்சமில்லாமல் எல்லா விளக்குகளும் எரிந்தன. நாற்காலிகளில் தயாரிப்பாளரும் மகளாக நடிக்கும் பெண்ணும் மட்டும். உஸ்தாத் மேசையில் முதுகைக் காட்டி உட்கார்ந்தார். அப்படித்தான் வேண்டும் என்று அவரே சொன்னார். நான் திரைக்குப் பின்னால் போகாமல் மேடை ஓரத்தில் நின்றேன்.

அப்பா பொன்னாடையை விரித்து, கட்டுப் போட்ட கையின் மேல் தொங்கவிட்டிருந்தார். முதல் படியில் கால் வைத்ததும் நின்றார். கேள்வியைத் தமிழில்தான் கேட்டார்.

"மேலை வரட்டோ?"

உஸ்தாத்தின் தோள் அன்றைக்குப் போலவே ஏறியது. மேசை விளிம்பைப் பிடித்த விரல்கள் வெளுத்தன.

"இல்லை" என்றார்.

அப்பா மறு பேச்சில்லாமல் காலைக் கீழே எடுத்தார். போய் முன்வரிசையில் உட்கார்ந்தார். தயாரிப்பாளர் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்க்கவில்லை. முடிந்தது, உஸ்தாத்தின் மேடை வாழ்க்கை என் கண் முன்னால் முடிந்தது என்றுதான் நினைத்தேன்.

கொஞ்ச நேரத்துக்குப் பிறகு அப்பா எழுந்து மறுபடி முதல் படிக்குப் போனார். யாரும் சொல்லவில்லை.

"மேலை வரட்டோ?"

இந்த முறை மௌனம் நீண்டது. நாடகத்தில் வருகிற மௌனத்தைவிட நீளம். பிறகு கேட்டது.

"ஓம்."

ஒத்திகையில் நான் கேட்ட எந்த ஓமும் அது இல்லை. அப்பா ஏறினார். ஒவ்வொரு படியிலும் நின்று, காலடிச் சத்தம் கேட்கும்படி ஊன்றி ஏறினார். உஸ்தாத் எழுந்து திரும்பினார். நெற்றியெல்லாம் வியர்வை. கைகளைத் தொடையோடு ஒட்டி வைத்திருந்தார்.

அப்பாவால் ஒரு கையால் பொன்னாடையைப் போர்த்த முடியவில்லை. ஒரு பக்கம் போட்டால் மறுபக்கம் வழுக்கி விழுந்தது. நான் உதவிக்கு ஓரடி வைத்தேன். உஸ்தாத் தலையை அசைத்து என்னை நிறுத்தினார். பிறகு அந்த உயரமான மனிதர் அப்பாவின் முன்னால் இடுப்பை வளைத்து, தலையைத் தாழ்த்தி, பின்கழுத்தைக் காட்டிக்கொண்டு நின்றார். அப்பா எவ்வளவு நேரம் எடுத்தாலும் எழாமல் நின்றார்.

நான் தயாரிப்பாளரின் பக்கம் திரும்பினேன். அவர் ஏற்கெனவே எழுந்து நின்றிருந்தார். பாதுகாப்பு உண்டா என்று அவர் மறுபடி கேட்கவில்லை, உஸ்தாத்தோடு அடுத்த ஊருக்கு எப்போது புறப்படுகிறீர்கள் என்றுதான் கேட்டார்.